தோளில் கிடந்த கயிறு

வக்கீல் குமாஸ்தாவுக்குப் பென்ஷன் கிடையாது. அதனால் ஓய்வு பெற்ற தேதி என்றும் ஒன்று கிடையாது. ஒரு மனுவில் வாதியின் பெயரைப் பிரதிவாதி இடத்தில் எழுதிவிட்டு, அதைக் கோர்ட்டில் வேறொருவர் கண்டுபிடித்த அன்றைக்கு நான் ஓய்வு பெற்றேன் என்று வைத்துக்கொள்ளலாம். கண் பழுதாகிவிட்டது என்று டாக்டர் சொன்னார். கோர்ட்டில் வேறு மாதிரி சொன்னார்கள்.

சமீபத்தில் ஒரு இளம் குமாஸ்தா வீட்டுக்கு வந்திருந்தார். விபத்தில் செத்தவர்களின் குடும்பம் நஷ்டஈடு கேட்பதற்கு இப்போது தனித் தீர்ப்பாயம், அச்சடித்த படிவம், மூலையில் போட்டோ ஒட்டக் கட்டம். கட்டங்களை நிரப்பினால் வேலை முடிந்தது. "உங்க காலத்துல இதெல்லாம் இல்லாம எப்படி அண்ணாச்சி செஞ்சிய?" என்று கேட்டார். "செஞ்சோம்" என்றேன். அவருக்கு அது போதவில்லை. ஆகவே எழுதுகிறேன்.

நாற்பதுகளில் இதற்கென்று இருந்தது வெள்ளைக்காரன் போட்ட பழைய சட்டம் ஒன்றுதான். மூன்று விஷயங்களை நிரூபிக்க வேண்டும். ஆள் செத்தது உண்மை. செத்தது இன்னொருத்தனின் கவனக்குறைவால். கேட்கிறவர்கள் செத்தவனின் சம்பாத்தியத்தில் சாப்பிட்டவர்கள். முதலாவதற்குப் பாதிரியார் சீட்டுத் தருவார். மூன்றாவதற்கு அவர்கள் வீட்டு அடுப்பைப் பார்த்தாலே போதும். இரண்டாவதில்தான் பெரும்பாலான குடும்பங்கள் வெறுங்கையோடு திரும்பிப் போகும்.

நான் தூத்துக்குடியில் வக்கீல் ஞானமுத்து ஐயாவிடம் சேர்ந்தபோது எனக்குப் பதினெட்டு வயது. முதல் வருஷம் மைக்கூடு கழுவினேன். இரண்டாவது வருஷம் கேஸ் கட்டுக் கட்டினேன். மூன்றாவது வருஷம் நான் எழுதிய பிராதை ஐயா படித்துப் பார்த்துவிட்டு, "இதுல நம்ம கட்சிக்காரர் யாருலே?" என்று கேட்டார். நான்காவது வருஷம் கேட்கவில்லை. பயிற்சி அவ்வளவுதான்.

ஐயா நாசரேத்துப் பக்கத்துக்காரர், மிஷன் பள்ளியில் படித்தவர். கோபம் வந்தால் குரல் இன்னும் தாழும். ரொம்பக் கோபம் வந்தால் ஒன்றுமே கேட்காது. கட்சிக்காரர் வந்தால் கதையை மூன்று தடவை சொல்லச் சொல்வார். முதல் தடவை எழுதமாட்டார். இரண்டாவது தடவையும் எழுதமாட்டார். மூன்றாவது தடவை, முதல் இரண்டிலும் மாறாமல் வந்ததை மட்டும் எழுதுவார். பெரும்பாலும் அரைப் பக்கத்துக்கு மேல் தேறாது. சாட்சிக்கூண்டில் நிற்பவர் கூலிக்காரராக இருந்தாலும் 'நீரு' என்றுதான் கூப்பிடுவார். எனக்கு அவர் கொடுத்த ஒரே சட்டப் பாடம் இதுதான்: பதில் தெரியாத கேள்வியைச் சாட்சியிடம் கேட்கக் கூடாது.

என் தொழிலில் எனக்கென்று ஒரு சில்லறை வரும்படி இருந்ததையும் சொல்லிவிடுகிறேன். கோர்ட்டில் கட்டிய பணத்தை ஒருவர் வாங்க வேண்டுமென்றால், இன்னார்தான் இன்னார் என்று ஓர் ஆள் அடையாளம் காட்டிக் கையெழுத்துப் போட வேண்டும். கிராமத்திலிருந்து ஆள் கூட்டிவருவது செலவு. அதனால் குமாஸ்தாவே போட்டுவிடுவான், எட்டணா. நான் அடையாளம் காட்டியவர்களில் பாதிப் பேரை அதற்குக் கால் மணி நேரத்துக்கு முன்புதான் முதன்முதலாகப் பார்த்திருப்பேன்.

யுத்தம் நடந்துகொண்டிருந்தது. பெட்ரோல் கிடைக்காமல் லாரிகளெல்லாம் கரியில் ஓடின. வண்டியின் பின்பக்கம் பீப்பாய் அளவுக்கு ஓர் அடுப்பு தொங்கும். அது அணைந்தால் வண்டி நிற்கும், அதிகமாக எரிந்தால் வண்டியே எரியும். ஆகவே டிரைவர்கள் ரோட்டை ஒரு கண்ணாலும் அடுப்பை ஒரு கண்ணாலும் பார்த்து ஓட்டினார்கள். அந்த நாளில் ஒரு செவ்வாய்க்கிழமை, தருவைகுளம் கோயில் உபதேசியார் ஒரு பெண்ணை ஆபீசுக்குக் கூட்டிக்கொண்டு வந்தார். பெயர் மரியபுஷ்பம். இருபத்தைந்து வயது இருக்கும். ஒரு பெண் குழந்தை வீட்டில் இருந்தது. புருஷன் சூசை சங்கு குளிக்கிறவர். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு ஊருக்கு வந்துவிட்டு, திங்கள் விடிகாலையில் தூத்துக்குடிக் கடற்கரைக்கு நடந்து வந்துகொண்டிருந்தவரை, உப்பளத்து ஓரம் ஒரு கரி லாரி அடித்துப்போட்டுவிட்டது. அது நடந்து இரண்டு மாதமாகியிருந்தது.

"பாத்தவங்க யாரும் உண்டா?" என்று ஐயா கேட்டார்.

உபதேசியார் வாசல் பக்கம் கையைக் காட்டினார். கேட்டுக்கு வெளியே வாதாமரத்தடியில் ஒருவர் குத்தவைத்திருந்தார்.

"இந்தப் பிள்ளயோட அண்ணன் தொம்மை. கூடத்தான் வந்திருக்காரு. உள்ள வரமாட்டாரு."

"ஏன்?"

"இந்தப் பிள்ள அவரோட பேசுறது இல்லய்யா. ஏட்டுகிட்ட அவரு சொன்னத ஊரே கேட்டுச்சு."

விபத்து நடந்த இடத்துக்கு வந்த ஏட்டு "எப்படிலே நடந்துச்சு?" என்று கேட்டிருக்கிறார். தொம்மை, "எந் தப்பு ஏட்டய்யா. எங்க மாப்பிள்ளய நாந்தான் கொன்னுட்டேன்" என்றிருக்கிறார். அந்த ஏட்டுக்கு இவ்வளவு சுலபமாக ஒரு கேஸ் வாழ்நாளில் கிடைத்திருக்காது. லாரியை விட்டுவிட்டுத் தொம்மையைப் பிடித்துக்கொண்டார். ஒரு நாள் வைத்திருந்து, லாரி இல்லாமல் ஓர் ஆளை லாரியால் அடிக்க முடியாது என்று மேலதிகாரி சொன்ன பிறகு அனுப்பினார்கள். டிரைவரும் கிளீனரும் ஒரே வாக்காக, ஹாரன் அடித்தோம், ஆள் குறுக்கே பாய்ந்தார் என்று எழுதிக் கொடுத்தார்கள். மூன்றாவது சாட்சி தொம்மை. அவரோ குற்றத்தை ஒப்புக்கொண்டு விட்டார்.

எங்கள் கரையில் இருப்பவர்களுக்கு இதில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். சங்கு குளிக்கிறவர் கல்லில் காலை வைத்துக் கடலடிக்கு இறங்குவார். மூச்சு முட்டும்போது கயிற்றை அசைப்பார். தோணியில் கயிறு பிடிக்கிறவர் அந்த நொடியே இழுக்க வேண்டும். ஒரு கொட்டாவி விட்டாலும் ஆள் போய்விடும். அதனால் அந்தக் கயிற்றைப் பெண்டாட்டியின் கூடப்பிறந்தவன் கையில்தான் கொடுப்பார்கள். தன் தங்கச்சி தாலியறுப்பதை எந்த அண்ணனும் விரும்பமாட்டான் என்பது கணக்கு. தொம்மை பதினோரு வருஷம் சூசையின் கயிற்றைப் பிடித்தவர். சூசை உயிரோடு இருந்தால் அது தொம்மையின் வேலை. செத்தால் அது தொம்மையின் தப்பு. கடலா ரோடா என்று அவரும் பார்க்கவில்லை, அவருடைய தங்கச்சியும் பார்க்கவில்லை.

ஐயா கேஸை எடுத்துக்கொண்டார். கோர்ட் கட்டணம் கட்ட அந்தப் பெண்ணிடம் வழியில்லை. ஆகவே முதலில் 'பாப்பர்' மனு, அதாவது நான் ஏழை, கட்டணமில்லாமல் வழக்கை எடுங்கள் என்ற மனு போட்டோம். ஏழை என்பதைக் கோர்ட் சும்மா நம்பிவிடாது. கிராம முனிசீப் அவள் வீட்டுக்குப் போய்ச் சொத்துப் பட்டியல் எடுத்து அனுப்பினார். பானை நாலு, பாய் ரெண்டு, மாதா படம் ஒன்று, கல் ஒன்று.

லாரி முதலாளிக்குத் திருநெல்வேலியிலிருந்து ஒரு வக்கீல் வந்திருந்தார். நல்ல சாரீரம். அவர் எழுந்து, முத்து விளைகிற கடற்கரையில் 'கல்' என்று பொதுவாக எழுதினால் கோர்ட் அதை எப்படி எடுத்துக்கொள்வது என்று கேட்டார். சப்-ஜட்ஜ் தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர், ஊருக்குப் புதுசு. அவருக்கும் அது நியாயமாகப் பட்டது. கல்லைக் கொண்டுவரச் சொன்னார்.

கொண்டுவந்தது நான். குதிரை வண்டியிலிருந்து இறக்கிக் கோர்ட் படியேறுவதற்குள் என் இடுப்பு பிடித்துக்கொண்டது. மேஜையில் வைத்தபோது மேஜை முனகியது. சூசை காலை வைத்து இறங்குகிற கருங்கல் அது. ஜட்ஜ் கண்ணாடியைக் கழற்றிப் பார்த்துவிட்டு, "இது சொத்தா?" என்று கேட்டார்.

"இதுல கால் வெச்சு இறங்க ஒரு ஆள் இருந்த வரைக்கும் சொத்து" என்றார் ஐயா.

மனு அனுமதிக்கப்பட்டது. கல்லைத் திரும்ப எடுத்துக்கொண்டு போக வண்டி பிடிக்கிறேன் என்றேன். தொம்மை வேண்டாமென்று சொல்லித் தோளில் தூக்கி வைத்துக்கொண்டார். மரியபுஷ்பம் இருபதடி முன்னால் நடந்தாள். அவர் பின்னால் நடந்தார். தருவைகுளம் வரைக்கும் அப்படித்தான் போயிருப்பார்கள். நான் பார்த்த வரைக்கும் அவள் திரும்பவில்லை.

விசாரணைக்குப் பத்து நாள் முன்னாலிருந்து தொம்மையைத் தயார்படுத்துவது என் பொறுப்பு. தினமும் வாதாமரத்தடியில் போய் உட்காருவேன்.

"அண்ணாச்சி, லாரி எப்படி வந்துச்சு?"

"பின்னால இருந்து."

"ஹாரன் அடிச்சானா?"

"இல்ல."

"சூசை குறுக்க பாஞ்சாரா?"

"அவரு ஏன் பாயுதாரு? ஓரமாத்தான் நடந்தாரு."

"அப்போ தப்பு யாருது?"

"என்னுது குமாஸ்தாய்யா."

பத்து நாளும் இதே. கெஞ்சினேன், அதட்டினேன், மாதாவின் பேரைக்கூடச் சொல்லிப் பார்த்தேன். கடைசி நாளன்று, "கோர்ட்ல மட்டும் அதச் சொல்லாதீங்க. அந்தப் பிள்ளைக்கும் குழந்தைக்கும் கஞ்சி இதுல இருக்கு" என்றேன். தலையை ஆட்டினார். கொஞ்ச நேரம் கழித்து, "ஆனா தப்பு என்னுதுதான, அத எப்படி இல்லங்கது?" என்றார். நான் எழுந்து போய் ஐயாவிடம், இந்தச் சாட்சியைக் கூண்டில் ஏற்றினால் கேஸ் தொலைந்தது என்று சொன்னேன்.

"சொல்லட்டும்லே" என்றார் ஐயா, பென்சிலைச் சீவியபடி.

சொன்னார். எதிர்த்தரப்பு வக்கீல் அதிக நேரம் எடுத்துக்கொள்ளவில்லை.

"நீ அன்னைக்கு ஏட்டுகிட்ட 'எந் தப்பு'ன்னு சொன்னியா?"

"சொன்னேன்."

"யாரும் அடிச்சுக் கேட்டாங்களா?"

"இல்ல. நானாத்தான் சொன்னேன்."

"இன்னைக்கும் அப்படித்தான் சொல்லுதியா?"

"என்னைக்கும் அப்படித்தான் ஐயா."

பந்தியில் பாயசம் வரைக்கும் முடித்த திருப்தியோடு அவர் உட்கார்ந்தார். ஜட்ஜ் எழுதி முடித்துவிட்டு எங்கள் பக்கம் பார்த்தார். நான் கட்டுகளைக் கட்ட ஆரம்பித்தேன். தன் சாட்சியிடமே மறுபடி கேள்வி கேட்டு மறு விசாரணை செய்வது ஐயாவுக்கு வழக்கமில்லை. செய்வதற்கு அதில் என்ன இருக்கிறது?

ஐயா எழுந்தார். குரல் வழக்கத்தைவிடத் தாழ்ந்திருந்தது.

"தொம்மை, நீரு என்ன தப்பு செஞ்சீரு?"

என் கை அப்படியே நின்றது. அந்தக் கேள்விக்கு ஐயாவுக்குப் பதில் தெரியாது என்பது எனக்கு நிச்சயமாகத் தெரியும்.

தொம்மை கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டார். "சொல்லுப்பா" என்றார் ஜட்ஜ்.

"கயித்துக்கு முறுக்குப் போட வீட்டுக்கு எடுத்துட்டுப் போயிருந்தேன் ஐயா. திரும்பி வாரப்போ தோள்ல கெடந்துச்சு. முனை அவுந்து தரையில இழுபட்டுது. சுருட்டிப் போட ரோட்ட விட்டு எறங்கி நின்னேன். மாப்பிள்ள கூப்பிடு தூரம் போயிட்டாரு. லாரி என்னத் தாண்டிப் போச்சு. டிரைவரு தலைய வெளிய நீட்டி, பின்னால கரியடுப்பப் பாத்துக்கிட்டே போறாரு. வண்டி ஓரத்துக்கு எறங்குது. அங்கனதான் மாப்பிள்ள நடந்து போறாரு."

நிறுத்தினார். தன் இரண்டு கைகளையும் பார்த்தார்.

"அப்போ எங் கை கயித்த இழுத்துச்சு ஐயா."

"எந்தக் கயித்தை?" என்றார் ஜட்ஜ்.

"எந் தோள்ல கெடந்த கயித்தத்தான். பதினோரு வருசமா, ஆபத்துன்னா எனக்கு இழுக்கத்தான் தெரியும். தண்ணிக்குள்ள இருக்கவருக்குக் கத்துனா கேக்காதுல்லா? பன்னெண்டு எண்ணுத வரைக்கும் இழுத்தேன். கயிறு பூராவும் எங் கைக்கு வந்திருச்சு. மாப்பிள்ள வரல. ஒரு சத்தம் குடுத்திருந்தா திரும்பிப் பாத்திருப்பாரு. ரோட்டுல கத்தணும்னு எனக்குத் தோணவே இல்ல. அதான் எந் தப்பு."

ஐயா, வேறு ஏதோ சின்ன விஷயம் விசாரிக்கிறவர் போல, "பன்னெண்டு எண்ணுத வரைக்கும் ஹாரன் கேட்டுச்சா?" என்றார்.

"இல்ல."

"டிரைவர் தலை?"

"வெளியதான் இருந்துச்சு. மாப்பிள்ள மேல ஏறுன பொறவுதான் முன்னால திரும்புனாரு."

ஐயா உட்கார்ந்துவிட்டார். ஜட்ஜ் விடவில்லை. அந்தப் பதற்றத்தில் பன்னிரண்டு என்று எண்ணினாயா, எப்படி நம்புவது என்று கேட்டார்.

"ஆள் உள்ள எறங்குனா எண்ணுவேன் ஐயா. கயிறு கையில இருந்தா எண்ணாம இருக்க எனக்குத் தெரியாது."

ஜட்ஜ் பையிலிருந்து கடிகாரத்தை எடுத்து மேஜைமேல் வைத்தார். "இப்போ எண்ணு, பார்ப்போம்" என்றார்.

தொம்மை கண்ணை மூடிக்கொண்டு எண்ணினார். பன்னிரண்டு என்பது எவ்வளவு நீளம் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. அதற்குள் ஒரு டிரைவர் தலையை உள்ளே இழுக்கலாம், ஹாரன் அடிக்கலாம், வண்டியை ரோட்டுக்குத் திருப்பலாம், நிறுத்தியே விடலாம். எதிர்த்தரப்பு வக்கீலுக்கும் அது புரிந்தது. ஏழாவது எண்ணிலேயே எழுந்து ஆட்சேபம் தெரிவிக்கப் பார்த்தார். ஜட்ஜ் கையைக் காட்டி உட்காரவைத்தார். எண்ணுகிற நேரமெல்லாம் தொம்மையின் இரண்டு கைகளும் கூண்டுக் கட்டைக்கு மேலே மாறி மாறி இழுத்துக்கொண்டிருந்தன. அது அவருக்குத் தெரியவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. கோர்ட்டில் குமாஸ்தா அழுவது நன்றாயிருக்காது என்பதால், ஏற்கெனவே கட்டிய கட்டை அவிழ்த்து மறுபடி கட்டினேன்.

பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்த மரியபுஷ்பம் எழுந்து வெளியே போனாள். கோபித்துக்கொண்டு போகிறாள் என்று நினைத்தேன். பிறகு பார்த்தபோது வராந்தாவில் சுவரைப் பார்த்து நின்றுகொண்டிருந்தாள். அவள் அத்தனை நாளும் நினைத்திருந்தது, அண்ணன் எங்கேயோ பீடி பற்றவைத்துக்கொண்டு நின்றார் என்று. உபதேசியார் அதைப் பிறகு சொன்னார்.

அன்றைக்கு ஆபீசுக்கு நடந்து திரும்பும்போது ஐயாவிடம் கேட்டேன்.

"ஐயா, அவரு இதச் சொல்லுவாருன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாதுலே."

"பொறவு எப்படிக் கேட்டீங்க?"

"நீ பத்து நாளா அவருகிட்ட தப்பு யாருது, யாருதுன்னு கேட்டியே. என்ன தப்புன்னு ஒரு நாளாவது கேட்டியாலே?"

கேட்கவில்லை. ஏட்டும் கேட்கவில்லை. எதிர்த்தரப்பு வக்கீலும் கேட்கவில்லை. கூடப்பிறந்தவளும் கேட்கவில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது. அதன்பிறகு நான் குமாஸ்தாவாக இருந்த வருஷங்களில், தப்பு என்னுது என்று யாராவது சொன்னால் எழுதுவதை நிறுத்திவிட்டு அடுத்த கேள்வியைக் கேட்டேன். பல சமயம் அது உண்மையான தப்பாகவே இருந்தது. அது வேறு விஷயம்.

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. சாட்சி வாக்குமூலத்தின் நகலை நான்தான் வாங்கினேன். ஜட்ஜ் தொம்மை சொன்ன எல்லாவற்றையும் இங்கிலீஷில் எழுதியிருந்தார்; கயிற்றை இழுத்தது ஒரே ஒரு வரி. மேலே அப்பீல் போகப்போகிறோம் என்று முதலாளி தரப்பில் சொன்னார்கள். சொன்னதோடு சரி. பணத்தைக் கோர்ட்டில் கட்டினார்கள். தொகை எவ்வளவு என்று சொல்லப்போவதில்லை, இந்தக் காலத்தவர்கள் சிரிப்பார்கள். குழந்தையின் பங்கைக் கோர்ட் வைத்துக்கொண்டது. தாயின் பங்கை வாங்க மரியபுஷ்பம் வந்தாள். தொம்மையும் வந்திருந்தார், வழக்கம்போல வெளியே கேட்டருகில் நின்றார்.

கோர்ட்டின் தலைமை எழுத்தரான சிரஸ்தார் மேஜையில் காகிதத்தை விரித்தார். "அடையாளம் காட்டுகிறது யாரு?" என்றார். நான் பேனாவை மையில் தோய்த்துத் தயாராக வைத்திருந்தேன்.

"எங்கண்ணன் காட்டுவாரு" என்றாள் மரியபுஷ்பம்.

"எதுக்கும்மா? நான் போட்டா போதும், சட்டப்படி சரிதான்" என்றேன்.

"வேண்டாம்யா. அண்ணனக் கூப்பிடுங்க."

போய்க் கூப்பிட்டேன். தொம்மை நம்பவில்லை. "அவ கூப்பிட்டாளா?" என்று இரண்டு தடவை கேட்டார். உள்ளே வந்து, அவளுக்கு மூன்றடி தள்ளி நின்றார்.

"இந்தம்மாவ உனக்குத் தெரியுமா?" என்றார் சிரஸ்தார்.

"எந் தங்கச்சி ஐயா."

"கையெழுத்துப் போடுவியா?"

போடத் தெரியாது. கைநாட்டு வைக்கச் சொன்னார்கள். பெருவிரலில் மையைத் தடவி ஒற்றினார். கறுப்பாக ஒரு திட்டுத்தான் விழுந்தது. துடைத்துவிட்டு மறுபடி ஒற்றச் சொன்னார்கள். அதே திட்டு. மூன்றாவது தடவை சிரஸ்தாரே விரலைப் பிடித்து உருட்டினார். ஒரு ரேகைகூட இல்லை. எல்லாம் கயிற்றில் தேய்ந்து போயிருந்தது.

"இதுல என்னய்யா அடையாளம் இருக்கு?" என்று சிரஸ்தார் சலித்துக்கொண்டார். "குமாஸ்தா, நீரே போடும்."

மரியபுஷ்பம் மேஜைமேல் கிடந்த அந்தக் கையை எடுத்து, மையோடு, தன் கையில் பிடித்துக்கொண்டாள்.

"ரேகை இல்லாததுதான் ஐயா எங்க அண்ணன் கை" என்றாள். "அப்படியே எழுதிக்கிடுங்க."

சிரஸ்தார் இரண்டு பேரையும் பார்த்தார். பிறகு எழுதிக்கொண்டார். எனக்கு எட்டணா போயிற்று.